குவா தெம்புருங் ஆற்றுக் குகைக்குள் கைடோடு போய்வருவது எப்படி: கேஎல், பினாங்குக்காரர்களுக்கு முழு வழிகாட்டி

பிளஸ் நெடுஞ்சாலையில் கம்பாரைத் தாண்டி ஈப்போ பக்கம் போகும்போது சாலையை ஒட்டியே செங்குத்தாக எழுந்து நிற்கும் சுண்ணாம்புக் குன்றுகளைப் பார்த்திருப்பீர்கள். பாதிப் பேர் அதைப் பார்த்து "ஈப்போ வரப்போகுது" என்று சொல்வதோடு சரி. அந்தக் குன்றுகளுக்கு உள்ளேதான் குவா தெம்புருங் இருக்கிறது. தீபகற்ப மலேசியாவின் பெரிய சுண்ணாம்புக் குகைகளில் ஒன்று, மூன்று கிலோமீட்டருக்கு மேல் நீளம், அதன் ஊடே ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் வெளியேறும் ஓர் ஆறு. கேஎல்லிலிருந்தும் பினாங்கிலிருந்தும் ஏறக்குறைய ஒரே தூரம், இரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடக் குறைய, அதனால் இரண்டு ஊரிலும் சொந்தக்காரர்களை வைத்திருக்கும் நம் குடும்பங்கள் பள்ளி விடுமுறையில் நடுவழியில் சந்தித்துக்கொள்ளத் தோதான இடம்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். போய்விட்டு வந்து "அங்கே ஒன்னுமே இல்லப்பா" என்று சொல்பவர்கள் பெரும்பாலும் நடைபாதையில் சட்டை நனையாமல் அரை மணி நேரம் நடந்து திரும்பியவர்கள். அந்தக் குகைக்குப் போவதே ஆற்றுக்காகத்தான். தண்ணீரில் நடந்து, பாறைக்கு அடியில் ஊர்ந்து, முழங்கை முழங்கால் எல்லாம் சேறாக வெளியே வந்தால்தான் பெட்ரோல் காசுக்கு அர்த்தம். ஆனால் அதற்குத் தயாராகப் போக வேண்டும்.

யார் எந்தச் சுற்றுக்குப் போவது

சுற்றுகளை நீளத்தை வைத்து நான்காகப் பிரித்திருப்பதுதான் இங்கே நெடுநாள் வழக்கம். முதலாவது, பொன்னிறப் பாறைவழிவு (சுவரில் வழிந்து உறைந்த பாறை) இருக்கும் மண்டபம் வரை போய்த் திரும்புவது, முக்கால் மணி நேரம்கூட ஆகாது. இரண்டாவது, படிகளில் ஏறி 'டாப் ஆஃப் தி வேர்ல்ட்' என்ற மேடை வரை போவது, இரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. இவை இரண்டிலும் நனைய மாட்டீர்கள். மூன்றாவதில் அதே மேடைக்கு ஏறி, அங்கிருந்து ஆற்றுக்குள் இறங்கித் திரும்புவீர்கள், இரண்டரை மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள். நான்காவது முழுச் சுற்று, மூன்றரை நான்கு மணி நேரம், குகையின் பெரும்பகுதியைப் பார்த்துவிடலாம்.

முதல் தடவை போகிறவர்களுக்கு மூன்றாவது சுற்று போதும் என்பது என் கருத்து. ஏற்றம், இறக்கம், தண்ணீர், ஊர்தல் எல்லாமே அதில் உண்டு, களைத்து விழும் முன் முடிந்துவிடும். முழுச் சுற்றில் கடைசி ஒரு மணி நேரம் கால்கள் தள்ளாடும், அப்போதுதான் வழுக்கி விழுவது நடக்கும். ஆசைப்படுகிறவர்கள் அடுத்த தடவை வைத்துக்கொள்ளலாம், குகை எங்கேயும் ஓடிப்போகாது.

உடம்பு தாங்குமா என்று தெரிந்துகொள்ள நமக்கு ஒரு கையடக்கச் சோதனை இருக்கிறது. பத்துமலையின் 272 படிகளை நடுவில் உட்காராமல் ஏறி, இறங்கும்போது முழங்கால் நடுங்காமல் இருந்தால் மூன்றாவது சுற்றுக்குத் தயங்க வேண்டாம். பாதியில் குரங்கைப் பார்ப்பதுபோல் நின்று மூச்சு வாங்குகிறவர் என்றால் முதல் சுற்றோடு நிறுத்திக்கொள்வது நல்லது. முழங்கால் தேய்மானம், ஆஸ்துமா, இதய நோய், கர்ப்பம், கட்டுப்பாட்டில் இல்லாத ரத்த அழுத்தம் இருப்பவர்கள் ஆற்றுப் பக்கம் போகவே கூடாது. மூடிய இடத்தில் பயம் வருகிறவர்களும் அப்படித்தான், லிஃப்டில் நின்றாலே வியர்க்கிறவரை "வா, பழகிடும்" என்று இழுத்துக்கொண்டு போகாதீர்கள், ஏனென்றால் தாழ்வான துவாரத்தின் நடுவில் ஒருவர் நின்றுவிட்டால் பின்னால் இருப்பவர் எல்லாரும் தண்ணீரில் காத்துக்கிடக்க வேண்டும்.

பிள்ளைகளைப் பொறுத்தவரை, பத்து வயதுக்குக் கீழ் இருந்தால் நான் ஆற்றில் இறக்க மாட்டேன். கவுண்ட்டரிலும் வயதுக் கட்டுப்பாடு இருக்கும், முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். கூட்டமாக வரும் குடும்பத்துக்கு நல்ல வழி இரண்டாகப் பிரிவதுதான். தாத்தா பாட்டியும் சின்னவர்களும் முதல் சுற்றை முடித்துவிட்டு வெளியே ஐஸ்கிரீம் சாப்பிட்டுக்கொண்டிருக்கட்டும், மற்றவர்கள் நனைந்துவிட்டு வரட்டும். மாமாவுக்காக எல்லாரும் சின்னச் சுற்றுக்குப் போவது, அல்லது எல்லாருக்காகவும் மாமா பெரிய சுற்றில் மாட்டிக்கொள்வது, இரண்டுமே காரில் திரும்பும்போது சண்டையில் முடியும்.

எந்த மாதம், எந்த நேரம்

இதை மட்டும் வேகமாகப் படித்துத் தள்ளாதீர்கள். ஆற்றுக் குகையில் உண்மையான ஆபத்து என்றால் அது மழை. உள்ளே இருக்கும் உங்களுக்கு வெளியே வானம் கறுத்தது தெரியாது. சுண்ணாம்புக் குன்றில் பெய்யும் மழை மண்ணில் ஊறி மெதுவாக வராது, வெடிப்புகள் வழியாக நேராக இறங்கிவிடும், ஆறோ குன்றுக்கு வெளியே எங்கோ பெய்த மழையையும் சேர்த்துக் கொண்டுவரும். தாய்லாந்தின் தாம் லுவாங் குகையில் 2018 ஜூன் 23 அன்று உள்ளே போன 12 பையன்களும் பயிற்றுநரும் மாட்டிக்கொண்டது இப்படித்தான், கடைசி ஆள் வெளியே வந்தபோது ஜூலை 10 ஆகிவிட்டது. அது கைடு இல்லாமல் போனது என்று தள்ளிவிட முடியாது. நம் நாட்டிலேயே 2019 ஜூலையில் சரவாக்கின் முலு தேசியப் பூங்காவில், மான் குகையில் திடீர் வெள்ளம் வந்து ஒரு டச்சுப் பயணியும் அவரோடு போன கைடும் இறந்தார்கள்.

பேராக்கில் பருவமழைகளுக்கு இடைப்பட்ட ஏப்ரல்-மே, அக்டோபர்-நவம்பர் மாதங்களில்தான் பிற்பகல் இடிமழை அதிகம். தீபாவளி விடுமுறை பெரும்பாலும் இதில்தான் வந்து விழும், பலகாரம் தீர்ந்த கையோடு கிளம்பலாம் என்று நினைப்பவர்கள் ஜாக்கிரதை. தைப்பூசத்தை ஒட்டிய வாரங்களும் ஜூன், ஜூலையும் பரவாயில்லை. எந்த மாதமானாலும் காலை முதல் சுற்றையே கேளுங்கள், ஏனென்றால் இடிமழை பெரும்பாலும் மதியத்துக்குப் பிறகுதான் கட்டும். பத்து மணிக்கு உள்ளே போனால் ஒரு மணிக்குள் வெளியே வந்து சோறு தின்னலாம்.

முதல் நாள் இரவு குகைக்குப் பக்கத்து ஊரான கோப்பெங் பக்கம் மழை கொட்டியதா என்று மெட் மலேசியா செயலியில் பாருங்கள். ஆற்றுச் சுற்றை ரத்து செய்தோம் என்று கவுண்ட்டரில் சொன்னால் தயவுசெய்து "இவ்ளோ தூரம் வந்துட்டோம், கொஞ்சம் பார்த்துச் செய்யுங்க" என்று ஆரம்பிக்காதீர்கள். நாம்தான் எங்கே போனாலும் கெஞ்சியாவது காரியத்தை முடித்துக்கொள்வோமே, அந்தப் பழக்கத்தை இங்கே மட்டும் வீட்டில் விட்டுவிட்டு வாருங்கள்.

முன்பதிவு

கிளம்புவதற்கு ஒரு வாரம் முன்பே போன் போடுங்கள். மூன்று கேள்விகள்: அன்றைக்குக் குகை திறந்திருக்கிறதா (பழுதுபார்ப்பு, மழை என்று மூடுவது உண்டு), ஆற்றுச் சுற்று எத்தனை மணிக்கு, குறைந்தது எத்தனை பேர் சேர வேண்டும். இரண்டே பேராகப் போனால் வேறு குழுவோடு சேர்த்துவிடுவார்கள், அதில் தப்பில்லை, ஆனால் ஐம்பது பள்ளிப் பிள்ளைகள் வரும் நாளில் மாட்டிக்கொண்டால் ஒவ்வொரு துவாரத்திலும் வரிசைதான். அதையும் கேட்டுவிடுங்கள். கட்டணத்தில் ஹெல்மெட்டும் தலைவிளக்கும் சேர்ந்ததா என்று கேட்டு, ரொக்கமும் கொஞ்சம் எடுத்துக்கொள்ளுங்கள்.

காலுக்கும் உடம்புக்கும் என்ன

சப்பாத்து விஷயத்தில் எனக்குப் பிடிவாதம் உண்டு. விலை உயர்ந்த ஓட்டச் சப்பாத்து வேண்டாம், நனைந்தால் கனக்கும், ஈரப் பாறையில் வழுக்கும். சிலிப்பர் போட்டுக்கொண்டு வருகிறவர் முதல் பத்து நிமிடத்தில் ஒன்றை ஆற்றுக்குக் கொடுத்துவிடுவார். சரியானது 'கம்போங் அடிடாஸ்'தான், அந்தக் கறுப்பு ரப்பர் சப்பாத்து, அடியில் முள் முள்ளாக இருக்குமே, அது. தோட்டத்தில் பால்மரம் வெட்டப் போன நம் தாத்தா பாட்டிமார் காலில் இருந்தது இப்போது மலையேறிகள் எல்லாரும் தேடி வாங்கும் சாமானாகிவிட்டது. சின்ன ஊர்களின் சப்பாத்துக் கடைகளிலும் ஹார்ட்வேர் கடைகளிலும் மலிவாகவே கிடைக்கும். அளவு சரியாகப் பார்த்து வாங்கி, கணுக்காலுக்கு மேல் வரும் தடித்த காலுறையோடு போடுங்கள். வெறுங்காலில் போட்டால் மணல் உள்ளே புகுந்து குதிகாலைச் சீவிவிடும்.

ஜீன்ஸ் வேண்டவே வேண்டாம், தண்ணீர் குடித்துவிட்டால் காலைத் தூக்கவே முடியாது. முழுநீள டிராக் பேண்ட், முழுக்கை டி-ஷர்ட், இரண்டுமே பழசாக, சேறு படிந்தால் தூக்கிப் போட மனசு வருவதாக. ஃபுட்சால் ஆடுகிற பையனிடம் முழங்கால் உறை இருந்தால் இரவல் வாங்கிக்கொள்ளுங்கள், ஊர்ந்து போகிற இடத்தில் அவனை வாழ்த்துவீர்கள்.

நகையைக் கழற்றி வைத்துவிட்டு வாருங்கள். மோதிரம், வளையல், தொங்கட்டான் எதுவும் வேண்டாம். மெட்டி ஈரச் சப்பாத்துக்குள் பக்கத்து விரலை அறுக்கும். தாலிக்கொடியைக் கழற்ற மனமில்லாத அக்காமார் அதை டி-ஷர்ட்டுக்குள் போட்டு, உள்ளாடையோடு சேர்த்து ஊக்கு குத்திக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் குப்புறப் படுத்து ஊரும்போது கழுத்துப் பக்கமாக வெளியே வந்து பாறையில் மாட்டும். கண்ணாடி போடுகிறவர்கள் பின்பக்கம் ஒரு கயிறு கட்டிக்கொள்ளுங்கள். கான்டாக்ட் லென்ஸ் வேண்டாம், கண்ணில் மண் போனால் கழுவ நல்ல தண்ணீர் கிடையாது.

எல்லாரும் மறப்பது கார் சாவி. இப்போதைய ரிமோட் சாவிகள் நனைந்தால் அதோடு கதை முடிந்தது, ஈரத் துணியோடு கார் பக்கத்தில் நிற்க வேண்டியதுதான். லாக்கரில் வையுங்கள், அல்லது நனையாமல் வெளியே இருக்கும் ஒருவரிடம் கொடுங்கள். கைப்பேசியையும் அங்கேயே விட்டுவிடச் சொல்வேன். ஊர்ந்து போகும்போது கழுத்தில் தொங்கும் உறை நெஞ்சுக்கும் பாறைக்கும் நடுவில் சிக்கும், வெளிச்சம் இல்லாமல் படமும் ஒன்றும் நன்றாக வராது.

காரில் வைத்துவிட்டுப் போக வேண்டியவை: மாற்றுத் துணி, துண்டு, சிலிப்பர், சேற்றுத் துணியைப் போட இரண்டு பெரிய பிளாஸ்டிக் பை, சீட்டில் விரிக்க ஒரு பழைய கைலி.

போய்ச் சேருவது

கேஎல்லிலிருந்து வந்தாலும் பினாங்கிலிருந்து வந்தாலும் கோப்பெங் டோலில் இறங்கிப் பழைய சாலையில் கம்பார் பக்கம் திரும்ப வேண்டும், பலகைகள் உண்டு. செந்தூலிலிருந்து ஏழு மணிக்குக் கிளம்பினால் தாப்பாவில் நின்று ரொட்டி சானாய் சாப்பிட்டும் பத்து மணிக்குள் வந்துவிடலாம். கனமாகச் சாப்பிடாதீர்கள், வயிறு முட்ட நாசி லெமாக் போட்டுக்கொண்டு குப்புறப் படுத்து ஊர்வது என்ன சுகம் என்று யோசித்துப் பாருங்கள். கார் இல்லாதவர்கள் இடிஎஸ் ரயிலில் கம்பாரிலோ பத்து காஜாவிலோ இறங்கி அங்கிருந்து கிராப் பிடிக்கலாம். ஆனால் குகை வாசலிலிருந்து திரும்ப வண்டி கிடைப்பது லேசில்லை, வந்த டிரைவரிடமே திரும்பும் நேரத்தைப் பேசி முடித்துவிடுங்கள்.

உள்ளே போகும் முன்

ஹெல்மெட் வாரை இறுக்கியபின் தலையை ஆட்டிப் பாருங்கள், ஹெல்மெட் தனியாக ஆடக் கூடாது. தலைவிளக்கை அங்கேயே ஒரு நிமிடம் எரியவிட்டுப் பாருங்கள், மங்கலாக இருந்தால் கூச்சப்படாமல் வேறு கேளுங்கள். கழிவறைக்குப் போய்விட்டு வாருங்கள், உள்ளே கிடையாது. கையில் காலில் வெட்டுக்காயம் இருந்தால் தண்ணீர் புகாத பிளாஸ்டரால் மூடுங்கள், பெரிய காயம் என்றால் ஆற்றுச் சுற்றையே விட்டுவிடுங்கள். ஆற்றுத் தண்ணீரில் எலி மூத்திரத்தால் பரவும் லெப்டோஸ்பைரோசிஸ் கிருமி இருக்க வாய்ப்புண்டு, அது காயம் வழியாகவும் கண், வாய் வழியாகவும் உள்ளே போகும். அந்தத் தண்ணீரை வாயில் வைக்காதீர்கள் என்று பிள்ளைகளிடம் இரண்டு தடவை சொல்லுங்கள்.

கைடு பெரும்பாலும் மலாயில்தான் பேசுவார். "துண்டுக்!" என்று முன்னால் குரல் வந்தால் ஏன் எதற்கு என்று நிமிர்ந்து பார்க்காமல் குனியுங்கள், பார்க்கிறவர் தலைதான் இடிக்கும். அப்புறம் அதே சொல்லைப் பின்னால் வருகிறவருக்குக் கத்துங்கள். வரிசையில் மெதுவாக நடப்பவரைக் கைடுக்கு அடுத்து விடுங்கள், கடைசியில் விட்டால் அவர் ஓடி ஓடியே களைத்துப் போவார்.

மேலே, மேடை வரை

நுழைந்ததும் காற்று குளிரும், நடைபாதையில் விளக்கு இருக்கும். அண்ணாந்து பாருங்கள், கூரை எங்கே என்று தேட வேண்டியிருக்கும். மழைநீர் காற்றிலும் மண்ணிலும் இருக்கும் கரியமில வாயுவைக் கரைத்துக்கொண்டு லேசான அமிலமாகி, சுண்ணாம்புப் பாறையை அரித்துச் செய்த மண்டபங்கள் இவை. அரித்த சுண்ணாம்பையே சொட்டுச் சொட்டாக வேறிடத்தில் படியவைத்ததுதான் கூரையிலிருந்து தொங்கும் விழுதுகளும் சுவரில் வழிந்து உறைந்திருக்கும் பொன்னிறப் பாறையும். ஓர் ஆண்டில் ஒரு மில்லிமீட்டர்கூட வளராத சமாசாரம், கையிலிருக்கும் எண்ணெய்ப் பசை பட்டால் அந்த இடத்தில் வளர்ச்சி கெடும். தொடாதீர்கள். சாமி உருவம் தெரிகிறது என்று விபூதி பூசவும் வேண்டாம், கும்பிட வேண்டுமென்றால் ஈப்போவில் கல்லுமலைக் கோவில் இருக்கிறது, அதுவும் சுண்ணாம்புக் குன்றோடு ஒட்டியதுதான்.

கைடிடம் ஈயச் (வெள்ளீயம், அதாவது டின்) சுரங்கத்தைப் பற்றிக் கேளுங்கள். கிந்தா பள்ளத்தாக்கு ஒரு காலத்தில் உலகத்துக்கே ஈயம் கொடுத்த இடம், இந்தக் குகைக்குள்ளும் ஈயம் தோண்டியிருக்கிறார்கள். 1985இல் உலகச் சந்தையில் ஈய விலை சரிந்தபோது இந்த வட்டாரத்து ஊர்கள் எல்லாம் சேர்ந்து படுத்துவிட்டன. 1948இல் தொடங்கிய மலாயா அவசரகாலத்தில் கம்யூனிஸ்டுகள் இங்கே பதுங்கியிருந்த கதையும் கைடுகளிடம் உண்டு. நின்று கேட்டால் மூச்சும் ஆறும்.

படிகளில் ஏறும்போது வௌவால் எச்சம் படிந்த கைப்பிடியைப் பிடித்த கையால் முகத்தைத் துடைக்காதீர்கள்.

ஆற்றில்

இறங்கும் இடம் பாறைச் சரிவு. நின்றுகொண்டு இறங்க முயற்சிப்பதுதான் எல்லாரும் செய்வது, உட்கார்ந்துவிடுங்கள். கைகளைப் பின்னால் ஊன்றி, பாதத்தை முன்னால் நீட்டி, முழங்காலை லேசாக மடித்துச் சறுக்கினால் பாதம்தான் முதலில் தரையைத் தொடும். முன்னால் போனவர் எழுந்து நகர்ந்த பிறகுதான் நீங்கள்.

முதலில் தண்ணீர் கணுக்காலுக்கு வரும், குளிர் சுரீரென்று ஏறும், ஐந்து நிமிடத்தில் பழகிவிடும். காலைத் தூக்கித் தூக்கி வைக்காமல், பாதத்தைத் தரையில் தேய்த்தபடி நகர்த்துங்கள், அடியில் இருக்கும் கல்லும் பள்ளமும் அப்போதுதான் முன்கூட்டியே தெரியும். வெளிச்சத்தைக் காலடியில் போடாதீர்கள், இரண்டு மூன்று அடி முன்னால் போடுங்கள். பக்கத்தில் இருப்பவரிடம் பேசத் திரும்பும்போது விளக்கு அவர் கண்ணில் அடிக்கும், விளக்கைக் கொஞ்சம் கீழே சாய்த்துவிட்டுப் பேசுங்கள்.

பிறகு கூரை தாழ்ந்துகொண்டே வரும். குனிந்து நடப்பீர்கள், அப்புறம் முழங்காலில், அப்புறம் வயிறு தரையில் பட. அந்தத் தாழ்வான துவாரத்தில் நுழையும்போது செய்ய வேண்டியது இது: கைகளை முன்னால் நீட்டுங்கள், தாடையை ஒரு பக்கம் திருப்புங்கள், ஒரு கன்னம் தண்ணீரை ஒட்டியும் மூக்கும் வாயும் மேலேயும் இருக்கட்டும். ஹெல்மெட் கூரையில் உரசி 'கரக் கரக்' என்று சத்தம் வரும், அந்தச் சத்தம் காதுக்குள் பெரிசாகக் கேட்கும், பயப்பட ஒன்றுமில்லை. தலையை நேராகத் தூக்கினால்தான் ஹெல்மெட் மாட்டும். மாட்டினால் முன்னால் முட்டாமல் ஒரு சாண் பின்னால் வாருங்கள், தலையைச் சாய்த்து மறுபடி நுழையுங்கள். முழங்கையாலும் கால்விரலாலும் தள்ளினால் போதும், தண்ணீரின் ஓட்டமே பாதி வேலையைச் செய்துவிடும். மூச்சைப் பிடித்துக்கொண்டு போகாதீர்கள். எண்ணி எண்ணி விடுங்கள், பாட்டு முணுமுணுக்கத் தெரிந்தால் இன்னும் நல்லது.

இன்னொன்று. தெளிவாக இருந்த தண்ணீர் திடீரென்று கலங்கினாலும், இலையும் சுள்ளியும் மிதந்து வந்தாலும், ஆற்றின் இரைச்சல் கூடினாலும் உடனே கைடிடம் சொல்லுங்கள். அவர் "மேலே ஏறுங்கள்" என்றால் விவாதமில்லை. வெளியே போகும் வழி பக்கத்தில்தான் என்று தோன்றினாலும் தண்ணீரோடு போட்டி போட்டு ஓடக் கூடாது, உயரமான இடத்தில் உட்கார்ந்து, தண்ணீர் வடியும்வரை காத்திருப்பதுதான் முறை.

வெளியே வந்த பிறகு

சோப்புப் போட்டுக் குளியுங்கள், கீறல்களைக் கழுவி மருந்து போடுங்கள். அடுத்த ஒரு மாதத்துக்குள் காய்ச்சல், கெண்டைக்கால் வலி, கண் சிவப்பு என்று வந்தால், குறிப்பாக முதல் இரண்டு வாரத்தில், பனடோல் போட்டுப் படுத்துவிடாமல் கிளினிக்குக்குப் போய்க் "குகை ஆற்றில் இறங்கினேன்" என்று டாக்டரிடம் நீங்களே சொல்லுங்கள். சொல்லாவிட்டால் அவர் டெங்கியை மட்டும்தான் தேடுவார்.

மதியச் சாப்பாட்டுக்குக் கம்பார் போனால் கிளேபாட் சோறு, ஈப்போ போனால் லிட்டில் இந்தியாவில் வாழையிலைச் சாப்பாடு. தெம்பு மிச்சமிருந்தால் பத்து காஜா பக்கத்தில் கெல்லிஸ் காசல் இருக்கிறது, வில்லியம் கெல்லி ஸ்மித் என்ற ஸ்காட்லாந்துத் தோட்ட முதலாளி கட்டத் தொடங்கி 1926இல் அவர் இறந்ததும் பாதியில் நின்ற மாளிகை. மாளிகையைவிட அதற்கருகே இருக்கும் மாரியம்மன் கோவிலைப் பாருங்கள், வேலைக்கு வந்த நம் ஆட்கள் கேட்டுக் கட்டியது, சாமி சிலைகளுக்கு நடுவே கோட்டும் தொப்பியுமாக அந்தத் துரையும் நிற்கிறார்.

ஞாயிறு மாலை கேஎல்லுக்குத் திரும்புகிறவர்கள் மூன்று மணிக்குள் கிளம்பிவிடுங்கள், இல்லையென்றால் இராச்சாப்பாட்டையும் ஈப்போவிலேயே முடித்துக்கொண்டு மெதுவாகக் கிளம்புங்கள். நடுவில் கிளம்பினால் தஞ்சோங் மாலிம் பக்கம் வண்டிகள் நகராது, நனைந்த சப்பாத்து வாடையோடு காருக்குள் உட்கார்ந்திருக்க வேண்டியதுதான்.